வாய் திறக்காத எழுத்துகள்

அவர் நடக்கிற வேகத்தை வைத்தே அன்றைக்கு வார்த்தை கிடைத்துவிட்டதா, இன்னும் தேடிக்கொண்டிருக்கிறாரா என்று சொல்லிவிடலாம். கிடைக்காத நாட்களில் காவேரிப் பாலத்தின் மேல் குடை ஒரு பக்கமும் அங்கவஸ்திரம் ஒரு பக்கமுமாகப் பறக்க வருவார். ஜட்காக்காரன் "ஓரம் சாமி, ஓரம்!" என்று கத்துவது காதில் விழாது. உதடு மட்டும் அசைந்துகொண்டே இருக்கும். ஏதோ ஸ்தோத்திரம் சொல்லிக்கொண்டு போகிறார் என்று நினைத்து எதிரே வந்தவர்கள் கைகூப்பியதுகூட உண்டு. அவர் சொல்லிக்கொண்டிருந்தது 'சாக்சிஃப்ரேஜ்' என்பது மாதிரி ஏதாவது ஒன்றாக இருக்கும். அது பாறை இடுக்கில் முளைக்கிற ஒரு சீமைச் செடி. அந்தச் செடியை அவரும் பார்த்ததில்லை, அவருக்குத் தெரிந்த யாரும் பார்த்ததில்லை.

ரயில்வே ஆபீசில் அவருக்குப் பக்கத்து மேஜை எனக்கு. ஸ்ரீரங்கத்து உத்தர வீதியிலிருந்து தினமும் வருவார். என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர். நெற்றியில் நாமம், காதில் கடுக்கன். உட்கார்ந்தால் மேஜைக்கடியில் வலது கால் ஆடும். அது ஆட ஆட என் மேஜையில் இருக்கிற மைக்கூடும் ஆடும். வேலைக்குச் சேர்ந்த புதிதில் நான் என் மைக்கூட்டைக் கையால் பிடித்துக்கொண்டே எழுதினேன்.

நான் உறையூர்க்காரன். அப்பா சுருட்டுச் சுற்றுகிறவர். எங்கள் வம்சத்தில் கைநாட்டைத் தாண்டி வந்த முதல் ஆள் நான்தான். அதனால் ஆங்கிலத்தில் வாயைத் திறக்கும் முன் ஒவ்வோர் எழுத்தாகக் கூட்டிப் பார்த்துக்கொள்வேன். சேர்ந்த இரண்டாம் நாளே ஹெட் கிளார்க் ஒரு காகிதத்தைக் கொடுத்து உரக்க வாசிக்கச் சொன்னார். அதில் ஒரு ராணுவ அதிகாரியின் பதவிப் பெயர் இருந்தது. எழுத்துக் கூட்டி, 'காலனல்' என்று வாசித்தேன். ஆபீசே சிரித்தது. டெஸ்பாட்ச் சூசை மேஜையைத் தட்டித் தட்டிச் சிரித்தான்.

இவர் மட்டும் சிரிக்கவில்லை. நாற்காலியைப் பின்னால் தள்ளிவிட்டு எழுந்து வந்தார்.

"ஓய், நீர் வாசிச்சதுதான் நியாயம். எழுதியிருக்கறதை எழுதியிருக்கறபடி வாசிச்சீர். தப்பு உம்ம பேர்லே இல்லை, அவா பேர்லே. அது 'கர்னல்'. 'ர' எங்கேயிருந்து வந்ததுன்னு மட்டும் கேக்காதேயும். நானும் கேட்டுண்டுதான் இருக்கேன், ஒருத்தரும் சொல்ல மாட்டேங்கறா."

அதற்கு முன்னால் என்னை 'ஓய்' என்று சமமாக யாரும் கூப்பிட்டதில்லை. அன்றைக்குச் சாயங்காலம் அவரோடு பாலம் வரைக்கும் நடந்தேன். நடந்தேன் என்பது சரியல்ல, ஓடினேன்.

அவருடைய சங்கடம் இதுதான். அவரிடம் ஒரு பெரிய ஆங்கில அகராதி இருந்தது. யாரோ துரை ஊரைவிட்டுப் போகும்போது ஏலத்தில் விட்ட சாமான்களோடு வந்தது. அதில் ஒவ்வொரு வார்த்தையின் தலைமேலும் புள்ளியும் கோடும் பிறையுமாக உச்சரிப்புக் குறிகள் போட்டிருக்கும். எந்தக் குறிக்கு எந்தச் சத்தம் என்று விளக்குகிற முன்பக்கங்களைக் கரையான் தின்றுவிட்டது. ஆகையால் அவருக்கு ஆயிரக்கணக்கான வார்த்தைகளின் அர்த்தம் தெரியும். அவை எப்படி ஒலிக்கும் என்பது தெரியாது.

"மனுஷனோட முகம் தெரியறது, குலம் கோத்திரம் தெரியறது. கூப்பிடப் போனா பேர் தெரியலை. அவன் எதிர்லேயே நின்னுண்டிருந்தா நமக்கு நிம்மதியா இருக்குமோ ஓய்?" என்பார்.

நிம்மதி இல்லாதவர் என்ன செய்வார்? கேட்கப் போவார். மெயில் வண்டி வருகிற நேரத்துக்கு ஜங்ஷன் பிளாட்பாரத்தில் போய் நிற்பார். வெள்ளைக்கார முகம் தெரிந்தால் போதும், கையில் ஒரு துண்டுக் காகிதத்தோடு ஜன்னலண்டை போய்விடுவார். அந்த வண்டிகளில் அடிக்கடி வருகிற ஆங்கிலோ-இந்திய கார்டு ஒருவர் இருந்தார். சிவந்து தடித்த ஆசாமி. இவரைக் கண்டாலே விசிலை வாயில் வைத்துக்கொள்வார், பேச வேண்டியிருக்காது என்று. இவர் விட மாட்டார். விசில் ஊதி முடிகிற வரையில் பக்கத்திலேயே நிற்பார்.

அந்த கார்டுதான் 'க்வே' என்று இவர் நினைத்திருந்த துறைமுகக் கரையை 'கீ' என்று சொல்லிக்கொடுத்தவர். "சாவிக்கும் கீ, இதுக்கும் கீயா?" என்று இவர் சண்டைக்குப் போய்விட்டார். "எனக்கு என்னா மேன் தெரியும், நானா பேர் வெச்சேன்?" என்று கார்டு பச்சைக் கொடியை ஆட்டிக்கொண்டே கத்தினார். டிரைவர் வண்டியை எடுத்துவிட்டார். கார்டு ஓடிப் போய் ஏறவேண்டியதாயிற்று.

ஒரு நாள் முதல் வகுப்பில் ஒரு வெள்ளைக்கார அம்மாள், பக்கத்தில் நாய், மடியில் பிரம்புக் கூடை. இவர் கையில் இருந்த வார்த்தைக்கு அர்த்தம் ஆகாரம், தின்பண்டம். அதைத் தன் போக்கில் 'விக்டுவால்ஸ்' என்று சொல்லி, அர்த்தம் விளங்கட்டும் என்று கூடையையும் சுட்டிக் காட்டியிருக்கிறார். அந்த அம்மாளுக்கு மனசு இளகிவிட்டது. பாவம், நாமம் போட்ட ஒரு பெரிய மனுஷன் பசி தாங்காமல் கேட்கிறான் என்று நினைத்து, கூடையிலிருந்து இரண்டு பிஸ்கட்டை எடுத்துக் கையில் வைத்துவிட்டாள். முட்டை போட்ட பிஸ்கட். அதை விரல் நுனியில் பிடித்துக்கொண்டு, தின்னவும் முடியாமல் எறியவும் முடியாமல் நின்றவரைப் பார்த்து கார்டு வயிறு குலுங்கச் சிரித்தார்.

"விட்டில்ஸ் மேன்! அது விட்டில்ஸ்! 'சி' எல்லாம் சைலன்ட்!"

பிஸ்கட் பிளாட்பாரத்து நாய்க்குப் போயிற்று. இவர் வேர்க்க விறுவிறுக்க ஆபீசுக்குள் நுழைந்து, "ஓய்! விட்டில்ஸ்!" என்றார். ஹெட் கிளார்க் நிமிர்ந்து பார்த்தார். "ஆத்துக்குப் போய்ச் சொல்லிட்டு வந்துடறேன்" என்று மறுபடியும் கிளம்பிவிட்டார். ஆபீஸ் நேரம் இன்னும் பாதி இருந்தது.

அப்படி வீட்டுக்கு ஓடுவதற்கு ஒரு காரணம் இருந்தது என்று எனக்குப் பிறகுதான் தெரிந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னை வீட்டுக்கு அழைத்துக்கொண்டு போனார். அவருடைய அம்மா கோயிலுக்குப் போயிருந்தார்கள். கல்யாணத்துக்கு நிற்கிற தங்கை உள்ளே இருந்தாள். கூடத்துக் கதவோரம் நின்று பேசியவர்கள் அவர் மனைவி. கதவோரம் நின்றார்களே தவிர, பேச்சு தெரு வரைக்கும் கேட்டது. அப்படி ஒரு கணீரென்ற குரல்.

"நீங்கதான் காலனல் தம்பியா? வாங்கோ வாங்கோ. உங்க கதையைச் சொல்லாத நாளில்லை. விட்டில்ஸ் கேட்டேளோ? விளக்கிலே வந்து விழுமே விட்டில், அதுதான் துரைகளுக்குச் சாப்பாடாம். நன்னாயிருக்கு அவா தளிகை!"

அவர்களுக்கு ஓர் ஆங்கில எழுத்துக்கூடத் தெரியாது. ஆனால் காது இருந்ததே, அது யாருக்கும் வாய்க்காத காது. கார்டு சொன்னதை இவர் வந்து ஒரு தரம் சொன்னால் போதும், அப்படியே பிடித்துக்கொள்வார்கள். ஆறு மாதம் கழித்துக் கேட்டாலும் மாறாமல் வரும். இவருக்கோ இரண்டு நாளில் குழம்பிவிடும். கோயில் பிரசாதத்தைச் சூடு ஆறுவதற்குள் கொண்டுவருகிற மாதிரி, சத்தத்தைக் கெடுவதற்குள் கொண்டுவந்து மனைவியிடம் ஒப்படைத்துவிட வேண்டும்.

"சினெக்டொக்கியா, சினெக்டக்கியா?" என்று ஏதோ அணியிலக்கணப் பெயர் ஒன்றை என் எதிரிலேயே கேட்டார்.

"டக்கி. 'டொ' இல்லை. அன்னிக்கு வந்து சொன்னபோது சரியாத்தான் சொன்னேள். அதுக்கப்புறம் நீங்களா ஏதோ பண்ணி வெச்சிருக்கேள்."

"கரையான் தின்ன பக்கமெல்லாம் இவகிட்ட இருக்கு ஓய்" என்றார் என்னிடம். அந்த அம்மாள் வெட்கப்பட்டுக்கொண்டு, "சிரமப்பட்டுக் கேட்டுண்டு வர்றார். இதையாவது நான் வெச்சுக்க வேண்டாமா?" என்றார்கள்.

அவர்களிடம் ஒப்படைக்காத வார்த்தை ஒன்றே ஒன்றுதான் இருந்தது. அது ஆபீஸ் வார்த்தை.

மத்தியானம் காப்பி வருகிற வேளையில் சூசை ஆரம்பிப்பான். "சார், பி எச் டி எச் ஆகட்டும் சார்!" உடனே ஆபீஸ் முழுக்கப் பேனாவைக் கீழே வைத்துவிடும். பி, எச், டி, எச். நடுவில் உயிரெழுத்தே இல்லாமல் நான்கு மெய்யெழுத்தில் தொடங்குகிற வார்த்தை. எந்த வெள்ளைக்காரனாலும் முழுசாகச் சொல்ல முடியாது என்பது அவர் கட்சி. "சமஸ்கிருதத்திலே கார்த்ஸ்ன்யம்னு சொல்லிப் பழகின நாக்கு ஓய் இது. வேத அத்யயனம் பண்ணின நாக்கு. ஓரெழுத்தை விடமாட்டேன்" என்று எழுந்து நிற்பார். மேல்பல் கீழுதட்டில் பதியும். மூச்சு நிரம்பும். "ஃப்த்-திஸிஸ்!" என்று ஒரே வெடிப்பில் வரும். முன்வரிசை மேஜைகள் காகிதத்தைத் தள்ளி வைத்துக்கொள்ள வேண்டும், அவ்வளவு சாரல். கைதட்டல் கிடைக்கும். அர்த்தம் க்ஷயரோகம். அதனால்தான் வீட்டுக்குக் கொண்டுபோகவில்லை. அந்தப் பெயரை வீட்டுக்குள் சொல்லக்கூடாது.

"இதை கார்டுகிட்டே கேட்டீங்களா?" என்று ஒரு நாள் கேட்டேன்.

"இதை மட்டும் கேக்க மாட்டேன். கேட்டா அந்தப் பாவி ரெண்டு எழுத்தை முழுங்கிடுவான். இது ஒண்ணாவது எழுதினபடி இருக்கட்டும்."

இந்த சைலன்ட் சமாசாரத்தை நான் அப்பாவிடம் சொல்லியிருந்தேன். ஒரு சாயங்காலம் இவர் எங்கள் வீட்டுக்கு வந்தபோது, அப்பா பலகையில் சுருட்டை உருட்டிக்கொண்டே விசாரித்தார்.

"ஏன் சாமி, எழுத்தை எழுதிப்புட்டுப் படிக்காம விட்டுருவாங்களாமே, நெசமா?"

"நிஜம்தாங்காணும். இருக்கும், ஆனா வாயைத் திறக்காது."

அப்பா சிரித்தார். "நல்ல கூத்து. உள்ள வச்ச எல புகையாம இருக்குமா சாமி?"

இவர் அதை வழியெல்லாம் சொல்லிச் சொல்லிச் சிரித்துக்கொண்டு போனார்.

அந்த வருஷம் வைகுண்ட ஏகாதசிக் கூட்டமெல்லாம் கலைந்த பிறகு அவர் மனைவிக்கு இருமல் வந்தது. பனி என்றார்கள். தை போயிற்று, மாசி போயிற்று, இருமல் போகவில்லை. சாயங்காலமானால் உடம்பு சுடும். வளை முழங்கை வரைக்கும் ஏறுகிறது என்று இவர் சொன்னார். கஷாயம், லேகியம் எல்லாம் ஆயிற்று. கடைசியில் பெண்கள் ஆஸ்பத்திரிக்கு அழைத்துக்கொண்டு போனார்.

மறுநாள் பாலத்தில் அவர் வந்த வேகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டேன். ஆனால் இந்தத் தடவை வேறு மாதிரி.

"ஓய், ஒரு வார்த்தை கிடைச்சிருக்கு. சத்தம் மட்டும் கிடைச்சிருக்கு, எழுத்து கிடைக்கலை."

டாக்டரம்மாள் வெள்ளைக்காரி. நெஞ்சில் குழல் வைத்துப் பார்த்துவிட்டுப் பக்கத்திலிருந்த நர்சிடம் ஆங்கிலத்தில் ஏதோ சொல்லியிருக்கிறாள். அதில் 'இயர்லி தைஸிஸ்' என்று இரண்டு வார்த்தை. அப்புறம் இவரைப் பார்த்து, கோழையைச் சோதிக்க வேண்டும், நெஞ்சைப் படம் எடுக்க வேண்டும், அடுத்த வாரம் வாங்க, முடிவு தெரிந்த பிறகு சொல்கிறேன் என்று சொல்லி அனுப்பிவிட்டாள்.

"அப்பவே கேட்டிருக்கலாமே, சார்?"

"கேக்க வாயெடுத்தேன். ஆத்துக்காரி பக்கத்திலே நின்னுண்டிருந்தா. என்னையே பார்த்துண்டிருந்தா, நான் என்ன கேக்கப் போறேன்னு. கேட்டுட்டா அவளுக்கு அர்த்தம் சொல்லணுமே." குடையைத் தட்டினார். "இயர்லின்னா சீக்கிரம், விடியற்காலை. அது புரியறது. தைஸிஸ்னா என்ன?"

அகராதியில் தேடினார். வீட்டுக்குப் போய் மனைவியையே சொல்லச் சொன்னார். அவர்கள் ஆஸ்பத்திரியில் கேட்டபடியே சொன்னார்களாம்: "தைஸிஸ். ஆரம்பத்திலே அந்த டாக்டரோட நாக்கு ரெண்டு பல்லுக்கும் நடுவிலே வந்தது. நான் பார்த்தேன்." அப்படியானால் டி-எச்தான், சந்தேகமில்லை. அந்தக் காது பொய் சொல்லாது. டி-எச் பக்கங்களையெல்லாம் முன்னும் பின்னுமாகப் புரட்டினார். 'தீஸிஸ்' இருந்தது, அது பட்டப்படிப்புக்கு எழுதுகிற கட்டுரை. 'தைர்சஸ்' இருந்தது, ஏதோ ஒரு பழங்காலத்துத் தேவன் கையில் வைத்திருக்கிற கோல். முள்செடி இருந்தது, கட்டைவிரல் இருந்தது. இது இல்லை.

கார்டிடம் போனார். "டாக்டர் சொன்னதை டாக்டர்கிட்டே கேளு மேன், நான் வண்டி கார்டு" என்று அவர் கையை விரித்தார். டாக்டரம்மாளைத் தேடிப் போனால் வெளியூர் முகாம், அடுத்த வாரம்தான் திரும்புவாள் என்றார்கள். அந்த வாரம் முழுக்க அவர் கால் ஆடிய ஆட்டத்தில் என் மைக்கூடு ஒரு தரம் கவிழ்ந்தே விட்டது. பாலத்தின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரைக்கும் 'தை, தை' என்று சொல்லிக்கொண்டே நடந்தார். ஆடப் பழகுகிற ஆள் மாதிரி இருந்தது. சிரிப்பு வரவில்லை.

சூசை நல்லவன். அவருடைய முகம் வாடியிருப்பது அவனுக்குத் தாங்கவில்லை. வார்த்தை தேடுகிறார் என்று தெரியுமே ஒழிய, எங்கே கேட்ட வார்த்தை என்று அவனுக்குத் தெரியாது. காப்பி வந்ததும், "சார், எத்தனை நாளாச்சு! பி எச் டி எச் ஆகட்டும் சார்!" என்றான். மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். மறுக்க முடியாமல் எழுந்து நின்றார்.

மேல்பல் கீழுதட்டில் பதிந்தது. மூச்சு நிரம்பியது. நாங்கள் காகிதங்களைத் தள்ளிவைத்தோம்.

சத்தம் வரவில்லை.

பல் மெதுவாக உதட்டை விட்டது. நாக்கின் நுனி இரண்டு பல்லுக்கும் நடுவில் வந்தது. அப்படியே நின்றார். நான் பக்கத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். முதல் இரண்டு எழுத்து வாயைத் திறக்காவிட்டால் மிச்சம் என்ன இருக்கும் என்று எனக்குப் புரியச் சற்று நேரம் ஆயிற்று. அவர் அதற்குள் உட்கார்ந்துவிட்டார்.

"என்ன சார், மறந்து போச்சா?" என்றான் சூசை.

"ஆமாம்" என்றார்.

மேஜைக்கடியில் கால் ஆடவில்லை. அன்றிலிருந்து ஆபீசில் ஆடவே இல்லை. என் மைக்கூடு அசையாமல் இருந்தது. எனக்குத்தான் எழுத ஓடவில்லை.

டாக்டரம்மாள் திரும்பியதும் தனியாகப் போய்ப் பார்த்தார். அதேதான். ஆனால் ஆரம்பம்தான், மலையடிவாரத்து சானடோரியத்தில் உடனே கொண்டுபோய்ச் சேர்த்தால் பிழைத்துவிடலாம், தள்ளிப்போடக் கூடாது என்று நிறுத்தி நிறுத்திச் சொன்னாளாம். இதை என்னிடம் சொன்னார். வீட்டில் சொல்லவில்லை. பங்குனி வந்துவிட்டது.

"சொல்லிடுங்க சார். இன்னும் என்ன யோசனை?"

"எப்படி ஓய் சொல்றது? அந்த வார்த்தை வாசலைத் தாண்டினா எங்காத்துக்கு ஒருத்தரும் வரமாட்டா. தங்கைக்கு ஜாதகம் பொருந்தியிருக்கு. பையனாத்துக்காரா காதிலே விழுந்தா முடிஞ்சுது. அம்மா இடிஞ்சு போயிடுவா. அவ..." பாலத்தில் எங்களை மாட்டு வண்டிகள்கூட முந்திக்கொண்டு போயின. அவ்வளவு மெதுவாக அவர் நடந்து நான் பார்த்ததில்லை.

பிறகு ஆபீசுக்கே வரவில்லை. என்னவோ ஏதோ என்று ஒரு சாயங்காலம் நானே போனேன். அவருடைய அம்மா கோயிலில் இருந்தார்கள். கூடத்தில் பாய் விரித்துச் சுவரில் சாய்ந்துகொண்டிருந்தார்கள் அவர் மனைவி. இவர் தூணடியில் உட்கார்ந்திருந்தார். உட்கார்ந்திருந்தார் என்றால் அப்படியே, தூணோடு தூணாக.

"வாங்கோ தம்பி." குரலில் பாதி இல்லை. "உங்க சிநேகிதரைப் பாருங்கோ. இந்தாத்துக்கு நான் வந்ததிலேர்ந்து இவர் இப்படி ஒரு இடத்திலே உக்காந்து பார்த்ததில்லை."

நான் கதவோரம் உட்கார்ந்தேன்.

"ஏன்னா, அந்த வார்த்தை கிடைச்சுதா?"

"இல்லை" என்றார் இவர்.

அவர்கள் சிரித்தார்கள். சிரிப்பு இருமலாகப் போய், அடங்க நேரமாயிற்று. புடவைத் தலைப்பால் வாயைத் துடைத்துக்கொண்டு, "கிடைக்கலைன்னா இப்படி உக்காந்திருப்பேளா நீங்க? இந்நேரம் ஜங்ஷன்லேன்னா நின்னுண்டிருப்பேள்? கிடைச்சுடுத்து. கிடைச்சு எத்தனையோ நாளாச்சு. எனக்குச் சொல்லலை. ஒரு வார்த்தை கிடைச்சு அதை எனக்குச் சொல்லாம என்னிக்காவது இருந்திருக்கேளா? அப்போ அது என்ன வார்த்தையா இருக்கும்னு எனக்குத் தெரியாதா?" என்றார்கள்.

இவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எழுத்தைச் சொல்லுங்கோ."

"உனக்குத்தான் எழுத்து தெரியாதேடி."

"தெரியாட்டா என்ன? சொல்லுங்கோ."

"பி... எச்... டி... எச்." தொண்டையைக் கனைத்துக்கொண்டார். "பி எச் சைலன்ட்."

"சைலன்ட்னா, இருந்துண்டே வாயைத் திறக்காதே, அதானே?"

"ஆமாம்."

"உங்களை மாதிரி."

அவர் நிமிர்ந்தார். நான் வாசல் பக்கம் திரும்பிக்கொண்டேன். அவர் அழுததை நான் பார்க்கவில்லை, கேட்டேன்.

"அர்த்தத்தையும் உங்க வாயாலேயே சொல்லிடுங்கோ" என்றார்கள் அந்த அம்மாள். "மத்தவா சொல்லிக் கேக்க வேண்டாம் எனக்கு."

"க்ஷயம்" என்றார். அந்த வீட்டுக்குள், உரக்க, எல்லா எழுத்தோடும்.

உள்ளே பாத்திரம் ஒன்று விழுந்தது. தங்கை கேட்டுக்கொண்டிருந்திருக்கிறாள். என் அப்பா சொன்ன இலைதான் நினைவுக்கு வந்தது. உள்ளே வைத்தது புகையத்தான் புகையும்.

"சரி" என்றார்கள் அவர்கள். "இதுக்கு எங்கேயாவது போகணும்னு சொல்லியிருப்பாளே டாக்டர்? எங்கே?"

இவர் சொன்னார். சொல்லச் சொல்ல வேகம் வந்தது. மலைக்காற்று, பால், படுத்தே இருக்க வேண்டும், ஆரம்பம்தான், இயர்லி என்றால் இந்த இடத்தில் ஆரம்பம் என்று அர்த்தம், விடியற்காலை இல்லை, நான்தான் தப்பாக நினைத்துவிட்டேன். எழுந்து நடக்கவே ஆரம்பித்துவிட்டார், கூடத்துக்கும் ரேழிக்குமாக.

"அந்தப் பையனாத்துலே தெரிஞ்சா...?" என்று நடுவில் நின்றார்.

"தெரியட்டும். மறைச்சுப் பண்ணிட்டு, நாளைக்குத் தெரிஞ்சா உங்க தங்கைதான் அவஸ்தைப்படுவா. வேண்டாம்னா வேற இடம் பாருங்கோ. நான் திரும்பி வந்து மாலை எடுத்துக் கொடுக்கறேன்."

சித்திரைத் தேருக்கு ஊர் கூடிக்கொண்டிருந்த சமயத்தில் அவர்கள் புறப்பட்டார்கள். வழியனுப்ப நானும் சூசையும்தான் வந்திருந்தோம். சூசை அவர் முகத்தைப் பார்க்காமல் பெட்டியை ஏற்றி வைத்தான். இவர் மனைவியை ஜன்னலோரம் படுக்க வைத்துவிட்டுக் கீழே இறங்கி நின்றார். என் பக்கத்தில் ஏதோ ஆடுவது மாதிரி இருந்தது. பார்த்தால் அவர் கால்.

"என்ன சார்?"

"ஒண்ணுமில்லை. தேறி வர்றவாளுக்கு ஒரு வார்த்தை இருக்கு ஓய். சி, ஓ, என், வி... நீளமா போகும். சத்தம் தெரியலை." உதடு அசைந்தது. "இப்போ போய் அதை எங்கே..."

ஜன்னலுக்குள்ளிருந்து குரல் வந்தது. "போய்க் கேட்டுண்டு வாங்கோ. வண்டிதான் நிக்கறதே."

போனார். குடையும் இல்லாமல், அங்கவஸ்திரம் பறக்க, வண்டியின் கடைக்கோடியில் கார்டு நிற்கிற பிரேக் வேன் வரைக்கும். கார்டு அவரைப் பார்த்து விசிலை எடுத்தார், வாயில் வைத்தார், பிறகு என்ன நினைத்தாரோ, கீழே இறக்கிவிட்டுச் சொல்லிக்கொடுத்தார். இரண்டு தரம் சொன்னார். இவர் அதை உதட்டில் ஏந்திக்கொண்டு ஓடிவந்து ஏறுவதற்கும் வண்டி நகருவதற்கும் சரியாக இருந்தது. அவர்கள் அதைத் திருப்பிச் சொன்னார்களா என்பது எனக்குக் கேட்கவில்லை. சக்கரச் சத்தம்.

பிறகு அவர் அந்தப் பக்கத்திலேயே ஒரு சின்ன ஸ்டேஷனுக்கு மாற்றல் வாங்கிக்கொண்டார் என்று ஆபீசில் பேசிக்கொண்டார்கள். அவர் மேஜைக்கு வேறொருவர் வந்தார். அசையாத மனிதர். யுத்தமும் வந்துவிட்டது. ஜங்ஷனில் இப்போது எங்கே பார்த்தாலும் வெள்ளைக்கார சோல்ஜர்கள். இத்தனை வாய் இருந்தும் கேட்க ஆள் இல்லையே என்று பிளாட்பாரத்தைக் கடக்கும்போதெல்லாம் தோன்றும்.

போன மாதம் அந்தக் கூட்டத்தில் பழைய கார்டைப் பார்த்தேன். தலை நரைத்துவிட்டது. நான்தான் போய் வணக்கம் சொன்னேன். யார் என்று புரிந்ததும் விசிலை வாயில் வைக்கப் போனார்.

"நீ அந்தப் பைத்தியத்தோட ஃப்ரெண்டுதானே மேன்? இப்போ எனக்கு அந்த லைன்லே டியூட்டி. அங்கேயும் விடமாட்டேங்கறான் மேன் என்னை! வண்டி நின்னா போதும், கையிலே சீட்டோட வந்துடறான். நான் சொல்லிக்கொடுக்கறேன், அவன் குவார்ட்டர்ஸ் பக்கம் திரும்பிக் கத்தறான். அங்கே வாசல்லே ஒரு அம்மா நின்னுக்கிட்டு, 'தப்பு, தப்பு, மறுபடி கேட்டுண்டு வாங்கோ'ன்னு பதிலுக்குக் கத்துது மேன். லைன் தாண்டி அந்தப் பக்கம் வீடு. இஞ்சின் சத்தத்துக்கு மேலே கேக்குது, என்னா தொண்டை! பிரேக் வேன் வரைக்கும் கேக்குது!"

"எதுவரைக்கும்?" என்று கேட்டேன்.

"பிரேக் வேன் மேன்."

சோல்ஜர்கள் என்னை இடித்துக்கொண்டு போனார்கள். நான் அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

"இன்னொரு தரம் சொல்லுங்க சார்."

"நீயும் ஆரம்பிச்சுட்டியா மேன்?" என்றார் கார்டு.